ஆட்சேபிப்பவர் முகவரி

கோப்பு மேசைக்கு வந்து மூன்று நாள் ஆகியும் அறிக்கையக்கா அதைப் பிரிக்கவில்லை. மேலே ஒட்டியிருந்த பெயரைப் பார்த்ததுமே அதன்மேல் வேறு இரண்டு கோப்புகளைத் தூக்கி வைத்துவிட்டார். ஓய்வு பெற இன்னும் ஏழே மாதம். இருபத்தொன்பது வருஷத்தை எப்படியோ ஓட்டியாகிவிட்டது, மிச்சமிருக்கிற இந்த ஏழு மாதத்தில் இந்த ஆள் திரும்பவும் வந்துதான் ஆக வேண்டுமா என்று அவருக்கு அலுப்பாக இருந்தது.

பரோல் கேட்கிற கைதிகளின் வீட்டுக்குப் போய்ப் பார்த்து அறிக்கை எழுதுவது அவர் வேலை. கைதி வெளியே வந்தால் எங்கே தங்குவான், அந்த வீட்டில் யார் யார் இருக்கிறார்கள், அவர்களுக்குச் சம்மதமா, அக்கம்பக்கத்தார் என்ன சொல்கிறார்கள் என்று பதினான்கு கட்டங்கள் உள்ள படிவம் ஒன்று உண்டு. அதை நிரப்பிப் பரோல் குழுவுக்கு அனுப்ப வேண்டும். குழுவில் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர், மனநல மருத்துவர் ஒருவர், சிறைக் கண்காணிப்பாளர் என்று மூன்று பேர். அவர்கள் கைதியைப் பதினைந்து நிமிடம் பார்ப்பார்கள். அவன் வீட்டை இவருடைய கண்ணால்தான் பார்ப்பார்கள். அதனால் சிறையிலும் அலுவலகத்திலும் இவருக்கு அறிக்கையக்கா என்றே பெயராகிவிட்டது. சொந்தப் பெயர் வருகைப் பதிவேட்டோடு சரி.

இந்தக் கைதிக்கும் சிறையில் ஒரு பட்டப்பெயர் இருந்தது. தங்கக்கம்பி. ஆள் எலெக்ட்ரீஷியன். உள்ளே போன மறுமாதமே, செத்துக் கிடந்த மின்விசிறிகளை எல்லாம் சுற்ற வைத்தான். கண்காணிப்பாளர் அறையில் வருஷக்கணக்காகக் கத்திக்கொண்டிருந்த ஏசி, அவன் கை பட்ட பிறகு வாயைத் திறக்கவில்லை. யாரோடும் சண்டை சச்சரவு கிடையாது, யாரையும் எதிர்த்து ஒரு சொல் கிடையாது. நன்னடத்தைக் கட்டத்தில் கண்காணிப்பாளர் ‘மிக நன்று’ என்று எழுதி, கீழே கோடு வேறு போட்டிருந்தார். இருக்காதா பின்னே. அவன் அடிப்பது மனைவியை மட்டும்தான், சிறையில் அவனுக்கு மனைவி இல்லை. இதைக் கண்டுபிடிக்க மருத்துவர் தேவையில்லை. ஆனால் இதைக் கேட்கிற கட்டம் படிவத்தில் கிடையாது.

அறிக்கையக்காவுக்கு அவனைப் பத்து வருஷமாகத் தெரியும். அப்போது அவன் முதல் மனைவியின் கையை முறித்ததற்காக மூன்று வருஷத் தண்டனையில் இருந்தான். பாதியில் பரோல் கேட்டான். முதல் மனைவியைப் போய்ப் பார்த்தது இவர்தான். அவள் ஒரு மருந்துக் கடையில் வேலை பார்த்தாள். மாத்திரை அட்டையைக் கத்தரித்துக்கொண்டே, “அவரை விட்டீங்கன்னா என்னைக் கொன்னுடுவார் மேடம்” என்றாள். அறிக்கையக்கா அதை அவள் வாயில் வந்தபடியே, ஓர் எழுத்து மாற்றாமல், ஒன்பதாவது கட்டத்தில் எழுதினார். ஆட்சேபிப்பவர் பெயர், வீட்டு முகவரி, கையெழுத்து எல்லாம் முறைப்படி வாங்கினார். அறிக்கை பிரமாதம் என்று நீதிபதி பாராட்டினார். பரோல் மறுக்கப்பட்டது.

மறுத்தால் ஏன் மறுத்தோம் என்று கைதிக்குச் சொல்லியாக வேண்டும், அது விதி. அதற்காக அறிக்கையின் நகல் ஒன்றை அவன் கையில் கொடுப்பார்கள். கொடுத்தார்கள். அவன் அதை நான்காக மடித்து வைத்துக்கொண்டு ஒன்றரை வருஷம் பொறுமையாக இருந்தான். தண்டனை முடிந்து வெளியே வந்த நாளே அந்தக் காகிதத்தோடு அவள் வீட்டுக்குப் போனான். “நீ சொன்னதுதானே, படி” என்று அவளைச் சத்தமாகப் படிக்க வைத்தான். தடுமாறினால் அடி, நிறுத்தினால் அடி. முடித்ததும் திரும்ப முதலிலிருந்து படிக்கச் சொன்னான்.

அவளுக்கு இடது காது போயிற்று. காவல் நிலையத்திலிருந்து அறிக்கையக்காவைக் கூப்பிட்டு, “இது உங்க கையெழுத்தான்னு பாருங்க” என்று காகிதத்தை நீட்டினார்கள். அவர் கையெழுத்துதான். அவர் வைத்த வட்ட முத்திரைதான், கொஞ்சம்கூடச் சாயாமல் நேராக விழுந்திருந்தது. அதன் நகல் ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டார். எதற்கு என்று அவருக்கே தெரியவில்லை. வழக்கு நிற்கவில்லை, அவள் சாட்சி சொல்ல வராமல் எங்கேயோ போய்விட்டாள்.

“நான் எழுதினதை வச்சுத்தான் அடிச்சிருக்கான்” என்று அன்றைக்குத் தங்கையிடம் சொன்னார். தங்கை நர்ஸ். இருவருக்கும் ஒரே வீடுதான், இருவருமே தனி. “நீ எழுதலன்னாலும் அடிச்சிருப்பான்க்கா, கையில பேப்பர் இல்லாம அடிச்சிருப்பான், அவ்வளவுதான்” என்றாள் தங்கை. அது உண்மை. உண்மை என்பதற்காக மனசு ஆறிவிடவில்லை.

நான்காம் நாள் வேறு வழியில்லாமல் கோப்பைப் பிரித்தார். இந்த முறை இரண்டாவது மனைவி. தோள்பட்டை எலும்பு முறிவு, நான்கு வருஷத் தண்டனை, மூன்று வருஷம் ஒரு மாதம் கழிந்துவிட்டது. மிச்சம் பதினோரு மாதம். பரோல் கிடைத்தால் அந்தப் பதினோரு மாதத்தையும் வீட்டில் இருந்து கழிக்கலாம். கிடைக்காவிட்டால் மறுபடி கேட்க முடியாது, முழுசாக உள்ளே இருந்துவிட்டுத்தான் வர வேண்டும்.

வீடு ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடி. மூட்டு வலியோடு ஏறி முடிப்பதற்குள் போதும் போதுமென்றாகிவிட்டது. கதவைத் திறந்தது அவன் தாயார். மருமகளோடுதான் இருக்கிறார். இருப்பது துணைக்கா காவலுக்கா என்று அறிக்கையக்காவுக்கு உட்கார்ந்த இரண்டாவது நிமிடமே விளங்கிவிட்டது.

“என் பிள்ளை ரொம்ப மாறிட்டான் மேடம். சனிக்கிழமை தவறாம போய்ப் பார்க்கிறேன். இங்க நடக்கிறது எல்லாத்தையும் ஒண்ணு விடாம கேட்டுக்குவான். அவ்வளவு பாசம்” என்றார் தாயார்.

மருமகள் சீருடை தைக்கிற கம்பெனியில் தையல்காரி. வலது தோள் இடதைவிட ஒரு விரல்கடை கீழே இறங்கியிருந்தது. “எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லைங்க. அவர் வரட்டும்” என்றாள். மனப்பாடச் செய்யுளை ஒப்பிக்கிற குரல். மூலையில் அவளுடைய மகள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். இறந்துபோன முதல் கணவருக்குப் பிறந்தவள், பத்தாவது படிக்கிறாள்.

“உங்ககிட்ட கொஞ்சம் தனியா பேசலாமா?” என்று கேட்டார் அறிக்கையக்கா.

“எங்களுக்குள்ள என்ன மேடம் ஒளிவு மறைவு? கேளுங்க, சொல்லுவா” என்று தாயார் நாற்காலியை இன்னும் கொஞ்சம் நெருக்கிப் போட்டுக்கொண்டார்.

அதற்குமேல் பேச ஒன்றுமில்லை. எழுந்து வரும்போது கதவை ஒரு தடவை பார்த்தார். வீட்டைப் பார்ப்பதுதானே வேலை. தாழ்ப்பாள் தோள் உயரத்தில் இருந்தது. அதற்குக் கீழே ஒரு சாண் விட்டு நான்கு திருகாணி ஓட்டைகள், அதற்கும் கீழே இன்னும் நான்கு. எல்லாவற்றையும் அடைத்து மேலே பெயின்ட் அடித்திருந்தார்கள். ஒவ்வொரு முறை அவன் வெளியிலிருந்து உதைத்துப் பிய்த்துக்கொண்டு வந்தபோதும் தாழ்ப்பாள் ஒரு சாண் மேலே ஏறியிருக்கிறது. அவர் பார்ப்பதை மகள் பார்த்தாள். பார்த்துவிட்டுக் குனிந்து கணக்கைத் தொடர்ந்தாள்.

படிக்கட்டு விளக்கைப் போடுகிற சாக்கில் கூட வந்த தையல்காரி, “நாளைக்குப் பன்னெண்டரைக்குக் கம்பெனி கேட்டுக்கு வாங்க” என்று உதடு அசையாமல் சொல்லிவிட்டுப் போனாள்.

மறுநாள் கம்பெனிக்குப் பின்னால், வெட்டி மிஞ்சிய துணித் துண்டுகளைக் கட்டிவைத்த மூட்டைகளுக்கு நடுவே இருவரும் நின்றார்கள். உள்ளே மெஷின் சத்தம் நின்று சாப்பாட்டு நேரம் ஆகியிருந்தது. அவள் முடியில் வெள்ளை நூல் ஒட்டியிருந்தது.

“நான் சம்மதிக்கிறேன்னே எழுதிக்கங்க மேடம். கையெழுத்தும் போட்டுத் தர்றேன்” என்றாள்.

“சரிம்மா.”

“ஆனா அவரை விட்டுடாதீங்க.”

அறிக்கையக்கா ஒரு மூட்டையின் மேல் உட்கார்ந்துவிட்டார். “வேணாம்னா வேணாம்னுதானேம்மா எழுதணும்?”

“மூத்தவங்க அப்படித்தானே எழுதிக் குடுத்தாங்க. அந்தக் காகிதத்தைப் பத்தி அவரே எங்கிட்ட சொல்லியிருக்கார், கல்யாணமான புதுசுல. ஏதோ சிரிப்புக்கு சொல்ற மாதிரி. பொண்டாட்டிக்கு நல்லா வாசிக்கத் தெரியணும்னு அன்னைக்குத்தான் தெரிஞ்சுக்கிட்டேன்னு சொன்னார்.”

“அதை எழுதினது நான்தான்.”

“தெரியும். நேத்து நீங்க உங்க பேரைச் சொன்னப்பவே தெரியும்.” அவள் குரலில் குற்றம் சாட்டுகிற தொனி இல்லை. களைப்புத்தான் இருந்தது. “எனக்கு எட்டு மாசம் போதும் மேடம். பொண்ணு பரீட்சை முடியணும். இப்பவே போகலாம், ஆனா நடுவுல சேர்க்கணும்னா புதுப் பள்ளிக்கூடத்தோட பேரை இங்க எழுதிக் குடுத்தாத்தான் சர்டிபிகேட் தருவாங்க. அந்தப் பேர் அன்னைக்கே மாமியார் காதுக்கு வந்துடும். பரீட்சை முடிஞ்சிட்டா ஒருத்தரும் ஒண்ணும் கேட்க மாட்டாங்க. வேற இடத்துல வேலை பார்த்து வச்சிட்டேன். எங்கன்னு உங்ககிட்டயும் சொல்ல மாட்டேன். கோவிச்சுக்காதீங்க.”

“கோவிக்கல. சொல்லவே சொல்லாத.”

“இப்ப நான் வேணாம்னு எழுதினா நகல் அவர் கைக்குப் போயிடும், அந்தச் சனிக்கிழமையே மாமியாருக்கும் தெரிஞ்சிடும். அப்புறம் மாமியார் என்னைக் கண்ணைவிட்டு அகல விட மாட்டாங்க. அவர் வந்துட்டாலோ, கேட்கவே வேணாம்.” அவள் மூட்டையிலிருந்து தொங்கிய ஒரு துணித் துண்டை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தாள். “எட்டு மாசம் மேடம். எப்படியாவது பாருங்க.”

எப்படியாவது பாருங்க என்று சொல்வது சுலபம். அறிக்கையக்கா இரண்டு நாள் நாயாக அலைந்து பார்த்தார். காவல் நிலையத்தில், மூன்று வருஷமாக அவன்மேல் ஒரு புகார்கூட இல்லை என்று எழுதிக் கொடுத்தார்கள். உள்ளே இருக்கிறவன்மேல் யார் புகார் கொடுப்பார்கள் என்று கேட்டதற்கு எழுத்தர் கையை விரித்தார். அக்கம்பக்கத்தில் ஆளாளுக்கு அவன் புகழ் பாடினார்கள். கீழ்வீட்டுக்காரருக்குத் தண்ணீர் மோட்டாரை ஓசியில் சரிசெய்து கொடுத்திருக்கிறான். சத்தம் கேட்டதில்லையா என்றால், எந்த வீட்டில்தான் சத்தம் இல்லை என்றார் அவர். கடைசியில், சுவரில் ஈரம் ஊறியிருக்கிறது, வீடு தங்க லாயக்கில்லை என்று எழுதலாமா என்று யோசிக்கிற அளவுக்கு வந்துவிட்டார்.

“ஈரச் சுவத்துக்கெல்லாம் பரோலை மறுக்க மாட்டாங்கக்கா” என்றார் கட்டம். அலுவலகக் குமாஸ்தா அவர். ஒரு கட்டம் காலியாக இருந்தாலும் படிவத்தை வாங்க மாட்டார், அதனால் அந்தப் பெயர். “எட்டாவதுல மனைவி சம்மதம்னு போட்டாச்சா? ஒன்பதுல ஆட்சேபணை இல்லைன்னு போடுங்க. முடிஞ்சது வேலை.”

அறிக்கையக்கா ஒன்பதாவது கட்டத்தை வெறித்துப் பார்த்தார். ஆயிரம் தடவையாவது நிரப்பியிருப்பார். ‘ஆட்சேபணை உண்டா? உண்டெனில் ஆட்சேபிப்பவர் பெயர், வீட்டு முகவரி, காரணம்’. மனைவி என்றோ உறவினர் என்றோ அதில் இல்லை. அக்கம்பக்கத்தார் என்றும் இல்லை. பேனா மூடியைக் கழற்றித் தன் சொந்தப் பெயரை எழுதினார். வெகு நாளாக முழுசாக எழுதாத பெயர், கொஞ்சம் கோணலாக விழுந்தது.

கட்டம் எட்டிப் பார்த்துப் பதறிவிட்டார். “என்னக்கா இது? நீங்க அறிக்கை எழுதுறவங்க. ஆட்சேபிக்கிறவங்க இல்ல.”

“எழுதுறவங்க ஆட்சேபிக்கக் கூடாதுன்னு எங்கயாவது போட்டிருக்கா, பாருங்க.”

கட்டம் விதிப் புத்தகத்தை எடுத்து, விரலை நக்கி நக்கிப் புரட்டினார். அரை மணி நேரம் கழித்து, “போடல” என்றார் வருத்தத்தோடு. “ஆனா ஆபீஸ் முகவரி செல்லாதுக்கா. வீட்டு முகவரிதான் எழுதணும்.”

“தெரியும்.”

“நகல் அவன் கைக்குப் போகும்.”

“அதுவும் தெரியும்” என்று சொல்லிவிட்டுக் கதவு எண்ணிலிருந்து அஞ்சல் குறியீடு வரை எழுதினார். காரணம் என்ற இடத்தில் ஐந்து வரி எழுதினார். பயமாகத்தான் இருந்தது, அதை மறைப்பானேன். இதையெல்லாம் செய்கிற ஆள் தான் இல்லை என்றுதான் அதுவரை நினைத்துக்கொண்டிருந்தார்.

குழு கூடிய அறையில் தங்கக்கம்பி முழங்கால்மேல் கையை வைத்து அடக்க ஒடுக்கமாக உட்கார்ந்திருந்தான். தலைக்கு மேலே அவன் பழுதுபார்த்த விசிறி சத்தமில்லாமல் சுற்றியது. அறிக்கையக்காவைப் பார்த்ததும் எழுந்து வணக்கம் சொன்னான்.

நீதிபதி படிவத்தைத் தூக்கிப் பிடித்தார். “மனைவிக்குச் சம்மதம்னு போட்டிருக்கு. ஆட்சேபணை உங்களோடதுன்னு போட்டிருக்கு. உங்களுக்கு இதுல என்னம்மா?”

“இவரோட முதல் பரோலுக்கும் நான்தான் அறிக்கை எழுதினேன் சார். அந்த நகலை இவர் வெளியே கொண்டுபோய் என்ன பண்ணினார்னு எனக்குத் தெரியும்” என்று சொல்லிவிட்டு, காவல் நிலையத்தில் வாங்கி வைத்திருந்த நகலை மேசைமேல் வைத்தார். மூலக் காகிதத்தில் தெறித்திருந்த ரத்தக் கறை, நகலில் கறுப்பாகப் படிந்திருந்தது.

“அந்த வழக்குதான் நிக்கலையே” என்றார் கண்காணிப்பாளர். “மூணு வருஷமா என் கண் முன்னாடி இருக்கான். தங்கமான ஆளு.”

“வழக்கு நிக்கல சார். காகிதம் இருக்கு.”

நீதிபதி பெருமூச்சு விட்டார். விடுதலைப் பக்கம்தான் சாய்கிறார் என்று அவர் பேனாவை மூடிய விதத்திலேயே தெரிந்தது. முகவரியையும் கொடுத்தாயிற்று, அவனையும் விடப்போகிறார்கள். அப்போது மருத்துவர், அந்தக் காகிதத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுச் சாதாரணமாகக் கேட்டார். “இதை எதுக்கு ஒன்றரை வருஷம் பத்திரமா வச்சிருந்தீங்க?”

“நினைவா வச்சிருந்தேன் டாக்டர்” என்று சிரித்தான் தங்கக்கம்பி.

“எதோட நினைவா?”

“யார் யார் நம்மளைப் பத்தி என்ன சொன்னாங்கன்னு மறந்துடக் கூடாதுல்ல.”

அவனுக்கு அது தப்பான பதிலாகவே படவில்லை. சிரிப்பு முகத்தில் அப்படியே இருந்தது. மருத்துவர் நீதிபதியைப் பார்த்தார். நீதிபதி பேனாவைத் திரும்பத் திறந்தார். கண்காணிப்பாளர் மட்டும் கடைசி வரை ஒத்துக்கொள்ளவில்லை. இரண்டுக்கு ஒன்று என்று பரோல் மறுக்கப்பட்டது.

“மேடம் எழுதினதோட நகல் எனக்கு வருங்களா?” என்று பணிவாகக் கேட்டான். கட்டம் கையெழுத்து வாங்கிக்கொண்டு கொடுத்தார். மற்றவர்கள் கோப்புகளை அடுக்குவதில் மும்முரமாக இருந்தார்கள். அவன் அதை இரண்டாக மடித்து, பிறகு நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்ததை அறிக்கையக்கா மட்டும் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மாலை வீட்டில் தங்கையிடம் சொன்னார். தங்கை வேலைக்குப் போட்டுப் போகிற காலணியைக் கழற்றாமல் நின்றபடியே கேட்டாள்.

“என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். இது என் வீடும்தான்.”

“கேட்டா வேணாம்னு சொல்லியிருப்ப.”

“சொல்லியிருக்க மாட்டேன்” என்றாள் தங்கை. “ஆனா கேட்டிருக்கலாம்.”

அறிக்கையக்காவுக்கு வெட்கமாக இருந்தது. முதல் மனைவியின் முகவரியையும் இப்படித்தான், என்ன ஆகும் என்று அவளுக்குச் சொல்லாமல் எழுதிக்கொண்டு வந்தார். தங்கை வாசல் கதவை இரண்டு தரம் ஆட்டிப் பார்த்தாள். மறு வாரம் ஒரு கொல்லரைக் கூட்டிவந்து கதவுக்கு வெளியே இரும்புக் கிராதி போட வைத்தாள். திருகாணி எவ்வளவு நீளம் என்று அவரிடம் மூன்று தடவை கேட்டாள்.

ஏழாம் மாதம் அறிக்கையக்கா ஓய்வு பெற்றார். ஒரு சுவர்க் கடிகாரம் கொடுத்தார்கள். அதற்குப் பிறகு நாள் நகரவில்லை. பரீட்சை தொடங்கிய நாளும் முடிந்த நாளும் செய்தித்தாளில் வந்தன, இரண்டையும் நாட்காட்டியில் குறித்து வைத்தார். முடிந்து ஐந்தாம் நாள் கட்டம் தொலைபேசியில் கூப்பிட்டார்.

“அக்கா, அந்தத் தங்கக்கம்பியோட அம்மா இங்க வந்து ஒரே ரகளை. மருமக, பொண்ணைக் கூட்டிக்கிட்டு வேலைக்குப் போறேன்னு போனவ வரலையாம். எங்க போனான்னு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்னு கத்துறாங்க.”

“எனக்குத் தெரியாதே.”

“அதைத்தான் நானும் சொன்னேன்.”

போனை வைத்துவிட்டு டீ போட்டார். குடித்துவிட்டு இன்னொரு தடவையும் போட்டுக் குடித்தார். வெகு நாளைக்குப் பிறகு அவருக்குச் சந்தோஷமாக இருந்தது. மனசு விட்டுச் சிரிக்கலாம் போல இருந்தது, ஆனால் வீட்டில் யாரும் இல்லை.

அதற்கு மூன்று மாதம் கழித்து, தண்டனை முடிந்த அன்று மாலை நான்கு மணிக்கு அவன் வந்தான். வருவான் என்று தெரியும், தேதியும் தெரியும். தெருவில் அவன் கதவு எண்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வருவதை ஜன்னல் வழியாகக் கண்டார். தங்கை ஆஸ்பத்திரியில் இருந்தாள். காவல் நிலையத்துக்குப் போன் போட்டார். ஜீப் வெளியே போயிருக்கிறது, இருபது நிமிடத்தில் அனுப்புகிறோம் என்றார்கள். கிராதியைப் பூட்டி, உள்கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார். கதவை மூடிக்கொண்டு உள்ளே இருந்தால், அவன் வேறு ஒரு நாள், தங்கை தனியாக இருக்கும்போது வருவான்.

“நல்லா இருக்கீங்களா மேடம்?” அதே பணிவு, அதே சிரிப்பு.

“இருக்கேன்.”

சட்டைப் பையிலிருந்து காகிதத்தை எடுத்தான். மடிப்புகளில் கிழிய ஆரம்பித்திருந்தது. கிராதிக் கம்பிக்கு நடுவே நீட்டினான். “நீங்க எழுதினதுதானே. எனக்குக் கண்ணு சரியாத் தெரிய மாட்டேங்குது. கொஞ்சம் படிச்சுக் காட்டுங்க.”

மருந்துக் கடைக்காரியின் முகம் அவருக்கு ஞாபகம் வந்தது. கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டார். காகிதத்தை வாங்கி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். படித்தார். ஆட்சேபிப்பவர் பெயர் படித்தார். வீட்டு முகவரியைக் கதவு எண்ணிலிருந்து அஞ்சல் குறியீடு வரை படித்தார். “காரணம். இவரை எனக்குப் பத்து வருஷமாகத் தெரியும். இவர் மனைவியை அடிப்பவர். இரண்டு பேரை அடித்திருக்கிறார். வெளியே விட்டால் மறுபடியும் அடிப்பார் என்று நம்புகிறேன். இது என் சொந்தக் கருத்து, யாரும் சொல்லி எழுதவில்லை.”

அவர் எங்கேயும் தடுமாறவில்லை. அவன் அதை எதிர்பார்க்கவில்லை போலிருக்கிறது. சிரிப்பு கொஞ்சம் குறைந்தது.

“அவ சொல்லித்தானே எழுதினீங்க?”

“அவங்க சம்மதம்னு கையெழுத்துப் போட்டிருக்காங்க. எட்டாவது கட்டம். படிக்கவா?”

“அவ எங்க?”

“தெரியாது.”

அவன் கிராதியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அவர் முகத்தையே பார்த்தான். பொய் சொல்கிற பெண்களின் முகம் அவனுக்கு நன்றாகப் பழக்கம். பயத்தில் சொல்கிற பொய், கெஞ்சிச் சொல்கிற பொய், எல்லாவற்றையும் அவனே வரவழைத்துப் பார்த்திருக்கிறான். இந்த முகத்தில் பயம் வேண்டுமளவு இருந்தது, பொய் மட்டும் இல்லை. அது அவனுக்கே தெரிந்துவிட்டது. சிரிப்பு முழுக்கப் போய், கிராதியைப் பிடித்து ஓர் உலுக்கு உலுக்கினான். சுவரிலிருந்து கொஞ்சம் சுண்ணாம்பு உதிர்ந்தது. கிராதி அசையவில்லை.

“பேப்பரைக் குடு” என்றான். ‘மேடம்’ என்பது போய்விட்டது.

அறிக்கையக்கா பக்கத்தில் இருந்த நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். சுவரில் அலுவலகத்தில் கொடுத்த கடிகாரம் நான்கு பத்து காட்டியது, ஜீப் வர இன்னும் பத்து நிமிடம். எதிர்வீட்டுக்காரர் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார். அறிக்கையக்கா காகிதத்தை மடியில் வைத்து நீவிவிட்டுக்கொண்டு, முதல் கட்டத்திலிருந்து, கைதியின் பெயரிலிருந்து, தெருவுக்கே கேட்கிற மாதிரி சத்தமாகத் திரும்பவும் படிக்க ஆரம்பித்தார்.